சிஸ்டம் போட்ட லிஸ்ட்

(எபிசோடின் எழுத்து வடிவம். படிக்க வசதியாக ஆங்காங்கே சுருக்கியிருக்கிறோம். பேச்சு நடையை முடிந்தவரை அப்படியே விட்டிருக்கிறோம்.)

பாதிப் பேர் மெட்ரோல நின்னுக்கிட்டு கேப்பீங்க, மீதிப் பேர் ஆபீஸ் கேப்ல தூங்கி வழிஞ்சுக்கிட்டு கேப்பீங்கன்னு எனக்குத் தெரியும். தூங்கறவங்க இன்னைக்கு மட்டும் கொஞ்சம் முழிச்சிருங்க. ஏன்னா இது உங்க வேலையைப் பத்தின பேச்சு. "அடுத்த வருஷம் நீங்க இந்த டீமுக்கு வேணுமா, வேண்டாமா"ன்னு எங்கேயோ ஒரு ஷீட்ல ஒருத்தர் கணக்குப் போட்டுக்கிட்டு இருப்பாங்க இல்லையா? அந்த ஒருத்தர் நான்தான்.

பயப்படாதீங்க, உங்க கம்பெனி இல்ல. ஆனா என் வேலை அதுதான். வொர்க்ஃபோர்ஸ் பிளானிங். தமிழ்ல சொன்னா ஆள் கணக்கு. இப்போ அந்தக் கணக்கை ஏஐ போடுது. அது எங்கே நல்லாப் போடுது, எங்கே கவிழ்த்துவிடுது, நான் அதுல பண்ணின ஒரு பெரிய தப்பு என்ன, இந்த மூணையும் இன்னைக்குச் சொல்லப்போறேன்.

எத்தனை பேர் வேணும்?

நான் 2012ல் ஓ.எம்.ஆர். பக்கம் ஒரு கால் சென்டரில் ஏஜென்ட்டாகச் சேர்ந்தேன். ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு, எங்கேயோ இருக்கும் ஒருத்தருடைய இன்டர்நெட் பில் ஏன் இந்த மாதம் கூடியிருக்கிறது என்று விளக்குகிற வேலை. இரண்டு வருடம் கழித்து பிளானிங் டீமுக்கு மாற்றினார்கள். அங்கே கேள்வி வேற மாதிரி இருக்கும். நாளைக்கு சாயங்காலம் 6 மணியிலிருந்து 6.30 வரை எத்தனை கால் வரும்? அதை எடுக்க எத்தனை பேர் சீட்டில் இருக்க வேண்டும்? அதில் எத்தனை பேர் லீவு போடுவார்கள்? மூன்று மாதத்தில் எத்தனை பேர் பேப்பர் போடுவார்கள்? அப்படியென்றால் இன்றைக்கே எத்தனை பேரை எடுத்து டிரெயினிங்கில் உட்கார வைக்க வேண்டும்?

இந்தக் கணக்கு ஏஐயோடு பிறந்ததில்லை. டென்மார்க்கில் ஏர்லாங் என்று ஒரு கணிதக்காரர் இருந்தார். கோபன்ஹேகன் டெலிபோன் கம்பெனியில் வேலை. எக்ஸ்சேஞ்சில் உட்கார்ந்து கையால் லைன் போட்டுக்கொடுக்கிற ஆபரேட்டர்கள் எத்தனை பேர் வேண்டும், எத்தனை லைன் வேண்டும் என்று யோசித்து, 1909லிலும் 1917லிலும் கட்டுரைகள் எழுதினார். அவர் பெயரில் இருக்கும் ஃபார்முலாவைத்தான் உலகம் முழுக்க கால் சென்டர்களில் இன்றைக்கும் ஓட்டுகிறார்கள்.

அதுல ஒரு விஷயத்தை மட்டும் மனசுல வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும். ஒரு கால் 5 நிமிஷம் ஓடுதுன்னு வைப்போம். நூத்துக்கு எண்பது காலை 20 செகண்டுக்குள்ள எடுக்கணும். அந்த நேரத்துல வர்ற கால் எல்லாத்தையும் கூட்டினா சரியா 10 பேருக்கு வேலை இருக்கு. எத்தனை பேர் வேணும்? பத்துன்னு சொன்னா மாட்டிக்குவீங்க. கால் வரிசையா வராது, கும்பலா வரும். அதனால 14 பேர் வேணும். சரி, 100 பேருக்கு வேலை இருந்தா? 140 இல்ல. சுமார் 108 பேர் போதும். டீம் பெருசா இருந்தா ஒருத்தர் திணறும்போது இன்னொருத்தர் கை கொடுப்பார். டீம் சின்னதாச்சுன்னா ஆளுக்கு ஆள் சும்மா இருக்கிற நேரமும் கூடும், திணறுகிற நேரமும் கூடும். அதாவது, வேலை பாதியாச்சுன்னா ஆளும் பாதின்னு கணக்குப் போட முடியாது.

மழை வந்த நாள்

2015 டிசம்பர் 1. சென்னையில் இருந்தவர்களுக்கு அந்தத் தேதியை விளக்க வேண்டியதில்லை.

அன்றைக்கு என் ஷீட் ரொம்ப அழகாக இருந்தது. எத்தனை கால் வரும் என்று போட்டிருந்தேனோ, கிட்டத்தட்ட அத்தனை வந்தது. எங்கள் வாடிக்கையாளர்கள் இருந்த நாட்டில் மழை இல்லையே! ஆனால் கால் எடுக்க வேண்டியவர்கள் வீட்டில் இடுப்பளவுத் தண்ணீரில் நின்றுகொண்டிருந்தார்கள்.

அந்த ராத்திரி எங்கள் ஃப்ளோர் ஓடியதற்குக் காரணம் ஒரே ஒருவர். எங்கள் ஷிஃப்ட் மேனேஜர், எல்லோருக்கும் அவர் 'அண்ணா'தான். சாயங்காலமே ஜன்னல் பக்கம் நின்று வானத்தைப் பார்த்துவிட்டு என்னிடம் வந்தார்.

"நைட் ஷிஃப்ட்ல யார் யார் வேளச்சேரி, முடிச்சூர்?"

"என் ஷீட்ல அட்ரஸ் இல்லண்ணா. எம்ப்ளாயி நம்பர்தான் இருக்கு."

"விடும்மா, எனக்குத் தெரியும்."

அவருக்கு நிஜமாகவே தெரிந்திருந்தது. யார் வீடு தரைத்தளம், யாருக்குக் கைக்குழந்தை, யார் பேச்சிலர், எவன் ஆபீஸிலேயே படுக்கச் சொன்னால் சந்தோஷமாகப் படுப்பான் என்று எல்லாம். ஈவினிங் ஷிஃப்ட்டில் சிலரை இருக்கச் சொன்னார், சிலரை உடனே வீட்டுக்கு அனுப்பினார். கேன்டீனில் பேசி எல்லோருக்கும் உப்புமா ஏற்பாடு செய்தார். நான் ஸ்கிரீனைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன்.

இதை ஏன் சொல்றேன்னா, "மெஷின் தப்பு, மனுஷன் சரி"ன்னு கதை முடிக்கிறதுக்கு இல்ல. என் ஷீட் 'எத்தனை' என்ற கேள்விக்கு நன்றாகவே பதில் சொன்னது. 'யார்' என்ற கேள்விக்கு அதனிடம் பதில் இல்லை. 'இல்லை' என்று அதுவே சொல்லவும் சொல்லாது. நாமாகத்தான் கவனிக்க வேண்டும்.

அதற்கப்புறம் எக்செல் போய் மெஷின் லேர்னிங் வந்தது. மூன்று வருட டேட்டாவைக் கொடுத்தால் திங்கட்கிழமை, மாசக் கடைசி, கிறிஸ்துமஸ் எல்லாம் தானே கண்டுபிடித்துவிடும். எனக்கு ஒரு வாரம் பிடித்த வேலையை மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் முடித்துவிடும். நான் அதை ரசித்தேன், இன்றைக்கும் ரசிக்கிறேன். 2020 மார்ச்சில் லாக்டவுன் வந்தபோது அது முழுக்க முழுக்கத் தப்பாகச் சொன்னது. ஆனால் அந்த மாதம் யார்தான் சரியாகச் சொன்னார்கள்? நேற்றைக்கு நடந்ததை வைத்துத்தான் அது நாளையைச் சொல்லும். அது தெரிந்து பயன்படுத்தினால் நல்ல கருவி.

பாட் வந்தது

2023ல் எங்கள் கம்பெனியில் சாட்பாட் வந்தது. கூடவே கேள்வியும் வந்தது. "பாட் 40 சதவீதக் காலை எடுத்துக்கும். ரெண்டு வருஷத்துல எத்தனை பேர் மிச்சம் ஆகும்? பிளான் கொடு."

மீட்டிங்கில் இருந்த எல்லோரும் மனசுக்குள் கணக்குப் போட்டுவிட்டார்கள். 40 சதவீதக் கால் போச்சுன்னா 40 சதவீத ஆள் போச்சு. பிளானிங் டூலும் கிட்டத்தட்ட அதைத்தான் சொன்னது, ஏனென்றால் அதனிடம் அப்படித்தான் கேட்டிருந்தோம்.

இப்போ நீங்களும் ஒரு கணக்குப் போட்டுப் பாருங்க. ஒரு நாளைக்கு 1000 கால். ஒண்ணு சராசரி 5 நிமிஷம். மொத்தம் 5000 நிமிஷம். இதுல பாட் 400 காலை எடுக்குது. எந்த 400? பாஸ்வேர்டு மறந்துபோச்சு, அட்ரஸ் மாத்தணும், பில் எவ்வளவு, இந்த மாதிரி. அதெல்லாம் 5 நிமிஷக் கால் இல்ல, 3 நிமிஷக் கால். அப்போ போனது 1200 நிமிஷம். மிச்சம் 3800. அதாவது வேலை 40 சதவீதம் குறையல, 24 சதவீதம்தான் குறைஞ்சிருக்கு. மிச்சம் இருக்கிற 600 காலும் சராசரி ஆறு நிமிஷத்துக்கு மேல. அத்தனையும் சண்டை, அழுகை, "உங்க பாட்கிட்ட அரை மணி நேரமாப் பேசி வெறுத்துப்போய் வந்திருக்கேன்"னு ஆரம்பிக்கிற கால். இதுக்கு மேல ஏர்லாங் கணக்கைச் சேருங்க. டீம் சின்னதாகச் சின்னதாக ஆள் மிச்சமாகிறதும் குறையும்.

இது எங்கள் கதை மட்டும் இல்லை. ஸ்வீடனில் கிளார்னா என்று ஒரு பேமென்ட் கம்பெனி. 2024 பிப்ரவரியில், எங்கள் ஏஐ அசிஸ்டன்ட் வந்த முதல் மாதத்திலேயே 23 லட்சம் உரையாடல்களைப் பார்த்துவிட்டது, 700 பேர் செய்யும் வேலைக்குச் சமம் என்று அறிவித்தார்கள். அந்தச் செய்தி வந்த வாரம் ஓ.எம்.ஆரில் டீக்கடை டீக்கடையாக அதே பேச்சுதான். அடுத்த வருடம், 2025ல், அதே கம்பெனியின் தலைவர் செபாஸ்டியன் சியமியாட்கோவ்ஸ்கி, செலவைக் குறைப்பதையே முக்கியமாகப் பார்த்ததில் தரம் குறைந்துவிட்டது என்று ஒப்புக்கொண்டு, வாடிக்கையாளர் சேவைக்கு மறுபடி மனிதர்களை எடுக்கப்போவதாகச் சொன்னார். ஏஐயை அவர்கள் விட்டுவிடவில்லை. ஆள் கணக்கைத் திருத்திக்கொண்டார்கள். அந்த இரண்டாவது செய்தியை டீக்கடையில் யாரும் பேசிக் கேட்கவில்லை.

என் தப்பு

சரி, இப்போ அந்த லிஸ்ட் விஷயம்.

பாட் வந்ததும் புது வேலைகள் வந்தன. சிக்கலான கால்களுக்குத் தனி டீம். பாட் சொன்ன பதில் சரியா என்று பார்த்துத் திருத்துகிற டீம். சுமார் 200 பேரில் 60 பேரைத் தேர்ந்தெடுத்து டிரெயினிங் கொடுக்க வேண்டும். மற்றவர்கள் பழைய வேலையிலேயே இருப்பார்கள். ஆனால் பழைய வேலை தேய்ந்துகொண்டே போகும் என்று எங்களுக்குத் தெரியும். எனவே அது வெறும் டிரெயினிங் லிஸ்ட் இல்லை.

கம்பெனி ஒரு டூல் வாங்கியிருந்தது. அது ஒவ்வொருவருக்கும் ஒரு மார்க் போடும். இவர் புதுசாகக் கற்றுக்கொள்வாரா, கற்றுக்கொண்டு இங்கேயே இருப்பாரா என்று. மேலே இருந்த 60 பேரை எடுத்தேன், மெயிலில் போட்டேன், அனுப்பினேன். மொத்தம் பத்து நிமிடம் ஆகியிருக்கும்.

மறுநாள் என் சீட்டுக்கு ஒரு அக்கா வந்தார். பேர் சொல்ல மாட்டேன். நான் ஏஜென்ட்டாகச் சேர்ந்தபோது பக்கத்து சீட். எனக்குக் கால் எடுக்கக் கற்றுக்கொடுத்தவரே அவர்தான். கத்துகிற கஸ்டமரிடம் பதிலுக்குப் பேசாமல், மூன்று செகண்ட் சும்மா இருந்துவிட்டு "சொல்லுங்க, கேட்கிறேன்" என்று ஆரம்பிக்க வேண்டும் என்பது அவர் சொல்லித்தந்தது. சிக்கலான கால் டீமுக்கு அவரைவிடப் பொருத்தமான ஆள் அந்த பில்டிங்கிலேயே கிடையாது.

"என் பேர் ஏன் லிஸ்ட்ல இல்லடா?"

நான் சொன்ன பதில் இதுதான்: "அது சிஸ்டம் போட்ட லிஸ்ட்கா."

அவங்க கோபப்படல. "சரி, சிஸ்டம் போட்டுச்சு. நீ பார்த்தியா?"ன்னு கேட்டாங்க. நான் பதில் சொல்லல.

அப்புறம் தோண்டிப் பார்த்தேன். அவருடைய மாமியாருக்கு வாரத்துக்கு மூன்று நாள் டயாலிசிஸ். அதற்காக இரண்டு வருடமாக அடிக்கடி ஷிஃப்ட் மாற்றிக் கேட்டிருக்கிறார், திடீர் லீவும் போட்டிருக்கிறார். டூல் பழைய டேட்டாவில் என்ன படித்திருந்தது? வேலையை விட்டுப் போனவர்கள் எல்லாம் போவதற்கு முன்னால் அடிக்கடி ஷிஃப்ட் மாற்றினார்கள், திடீர் லீவு போட்டார்கள். அதனால் இவரும் போகப்போகிறவர் என்று மார்க்கைக் குறைத்துவிட்டது.

இங்கதான் கவனிக்கணும். டூல் பார்த்தது பொய் இல்ல. இன்டர்வியூவுக்குப் போறவனும் ஷிஃப்ட் மாத்துவான். எப்பாடுபட்டாவது இந்த வேலையைக் காப்பாத்திக்கணும்னு நினைக்கிறவங்களும் ஷிஃப்ட் மாத்துவாங்க. ரெண்டு பேரும் டேட்டாவுல ஒரே மாதிரி தெரிவாங்க. ஆனா ஒருத்தர் கிளம்பறவர், இன்னொருத்தர் விடாமப் பிடிச்சுக்கிட்டு இருக்கிறவர். அவங்க டீம் லீடைக் கேட்டிருந்தா அரை நிமிஷத்துல சொல்லியிருப்பாங்க. நான் கேட்கல.

லிஸ்ட்டின் கீழ்ப்பாதியை முழுசாகப் பார்த்தேன். சின்னக் குழந்தை வைத்திருக்கும் பெண்கள், வீட்டில் முடியாதவர்களைப் பார்த்துக்கொள்பவர்கள் வரிசையாக இருந்தார்கள். டூலில் ஆண், பெண் என்ற காலமே கிடையாது. தேவைப்படவில்லை. லீவு காலமும் ஷிஃப்ட் காலமும் அந்த வேலையைச் செய்துவிட்டன.

இதே மாதிரி ஒன்று அமேசானில் நடந்தது 2018ல் ராய்ட்டர்ஸ் செய்தியாக வந்தது. வேலைக்கு வரும் ரெஸ்யூமேக்களுக்கு மார்க் போட ஒரு டூல் செய்தார்கள். பத்து வருட ரெஸ்யூமேக்களைக் கொடுத்துப் பழக்கினார்கள். அதில் பெரும்பாலும் ஆண்கள். எனவே டூல் ஆண்களே நல்லவர்கள் என்று எடுத்துக்கொண்டு, ரெஸ்யூமேயில் பெண்கள் செஸ் கிளப் என்ற மாதிரி 'பெண்கள்' என்ற சொல் வந்தாலே மார்க்கைக் குறைத்தது. சரிசெய்து பார்த்துவிட்டு, கடைசியில் அந்த முயற்சியையே கைவிட்டார்கள். நான் இந்தச் செய்தியை அப்போதே படித்திருந்தேன். ஒரு டிரெயினிங்கில் பிறருக்கு உதாரணமாகக்கூடச் சொல்லியிருக்கிறேன். ஆனாலும் என் லிஸ்ட்டை நான் பார்க்கவில்லை.

நான் போய் மேலே பேசுவதற்குள் பேட்ச் ஆரம்பித்துவிட்டது. "அடுத்த பேட்ச்ல பார்க்கலாம்" என்றார்கள். மூன்று மாதத்தில் அக்காவின் பழைய டீம் சுருங்கியது, ஷிஃப்ட் மாற்ற இடமில்லாமல் போனது. அவர் பேப்பர் போட்டுவிட்டார்.

டூலின் கணக்கில் அது என்ன தெரியுமா? சரியான கணிப்பு. "இவர் போய்விடுவார்" என்று சொன்னது, போய்விட்டார். அடுத்த முறை அதே மாதிரி ஒருவரைப் பார்த்தால் இன்னும் உறுதியாகச் சொல்லும். அவரைப் போக வைத்தது அந்த லிஸ்ட்தான் என்பது டேட்டாவில் எங்கேயும் இல்லை.

முதல் படி

இன்னொன்று நடந்தது. இது ஃபிரஷர்ஸ் கவனமாகக் கேட்க வேண்டியது.

நான் சேர்ந்தபோது முதல் மூன்று மாதம் பாஸ்வேர்டு, அட்ரஸ் கால்தான் கொடுப்பார்கள். போரடிக்கும். ஆனால் அதில்தான் சிஸ்டம் பழகும், காது பழகும், வாய் பழகும். பாட் வந்த பிறகு அந்தக் கால்கள் எல்லாம் அதற்குப் போய்விட்டன. காலேஜ் முடித்து வந்த பிள்ளைகளுக்கு முதல் வாரமே சண்டைக் கால். பாத்ரூமில் போய் அழுதுவிட்டு வருவார்கள். இரண்டாவது மாதம் காணாமல் போவார்கள்.

டூல் அதையும் பார்த்தது. "ஃபிரஷர்ஸ் நிற்பதில்லை, அனுபவம் உள்ளவர்களை எடுங்கள்" என்று சொன்னது. ஒரு கம்பெனி அப்படிச் செய்தால் அது புத்திசாலித்தனம். எல்லாக் கம்பெனியும் அப்படியே செய்தால்? அஞ்சு வருஷம் கழிச்சு அனுபவம் உள்ளவர் எங்கிருந்து வருவார்?

ஆள் கணக்கில் தப்பு செய்தால் அது உடனே தெரியாது. அதுதான் இதில் இருக்கும் கஷ்டம். 2016ல், ஏஐ உலகத்தின் பெரிய ஆளான ஜெஃப்ரி ஹின்டன், ஸ்கேன் பார்த்துச் சொல்லும் ரேடியாலஜி டாக்டர்களை உருவாக்குவதை இப்போதே நிறுத்திவிடலாம், ஐந்து வருடத்தில் மெஷினே அதைவிட நன்றாகப் பார்க்கும் என்றார். ஸ்கேன் படிப்பதில் மெஷின் உண்மையிலேயே நிறைய முன்னேறியது. ஆனால் ரேடியாலஜி டாக்டரின் வேலை படம் பார்ப்பது மட்டும் இல்லை. மற்ற டாக்டர்களோடு பேச வேண்டும், எந்த ஸ்கேன் தேவை என்று சொல்ல வேண்டும், ஊசி வைத்துத் திசு எடுக்க வேண்டும். ஸ்கேன்களின் எண்ணிக்கையும் கூடிக்கொண்டே போனது. இன்றைக்குப் பல நாடுகளில் ரேடியாலஜி டாக்டர்களுக்குத் தட்டுப்பாடு. நம்ம ஊர்ல எம்.பி.பி.எஸ். அஞ்சரை வருஷம், அதுக்கு மேல எம்.டி. மூணு வருஷம். 2016ல அவர் பேச்சைக் கேட்டு நிறுத்தியிருந்தா, தப்புன்னு தெரிஞ்ச அன்னைக்குத் திரும்ப ஆரம்பிச்சாலும் முதல் டாக்டர் வெளிய வர எத்தனை வருஷம் ஆகும்னு நீங்களே கணக்குப் போட்டுக்கோங்க.

எங்கள் டீமில் கடைசியில் ஒன்று செய்தோம். புதிதாக வருபவர்களுக்கு முதல் எட்டு வாரம், சுலபமான கால்களில் ஒரு பங்கை பாட்டிடம் கொடுக்காமல் ஒதுக்கிவைத்தோம். ஃபைனான்ஸில் இருந்து உடனே கேட்டார்கள்: "பாட் எடுக்கிற காலுக்கு எதுக்கும்மா சம்பளம் கொடுத்து ஆள்?" நான், "அது கால் எடுக்கிற சம்பளம் இல்ல சார். நாளைக்குப் பெரிய கால் எடுக்கப்போறவங்களுக்கு இன்னைக்குக் கட்டற ஃபீஸ்" என்றேன். ஆறு மாதம் டைம் கொடுத்தார்கள். ஃபிரஷர்ஸ் நிற்க ஆரம்பித்தார்கள். எல்லோரும் இல்லை, ஆனால் போதுமான அளவுக்கு. அந்த எட்டு வாரம் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

இப்போ எப்படிச் செய்கிறேன்

டூலைத் தூக்கிப்போடவில்லை. அடுத்த அரை மணி நேரத்துக்கு எத்தனை பேர், அடுத்த மாதம் எத்தனை பேர் என்பதற்கு அதைத்தான் நம்புகிறேன். என்னைவிட நன்றாகப் போடுகிறது. 'யார்' என்று வரும்போது மூன்று விஷயம் மாற்றினேன்.

ஒன்று, லீவு, ஷிஃப்ட் மாற்றம் இரண்டையும் மார்க் கணக்கிலிருந்து எடுத்துவிட்டோம். பதிலாக, டீம் லீட் கேட்டு மார்க் போட்ட பத்துக் கால் ரெக்கார்டிங்.

இரண்டு, லிஸ்ட்டில் ஒவ்வொரு பெயருக்கும், விட்டுப்போன ஒவ்வொரு பெயருக்கும், ஒரு மனுஷன் ஒரு வரி காரணம் எழுத வேண்டும். 'ஸ்கோர் குறைவு' என்பது காரணம் ஆகாது. 200 பேருக்கு எழுத நாலு நாள் ஆனது. முன்பு பத்து நிமிடத்தில் அனுப்பிய லிஸ்ட் அது.

மூன்று, லிஸ்ட்டை வெளியிட்டுவிட்டு ஒரு வாரம் காத்திருப்போம். யார் வேண்டுமானாலும் வந்து "ஏன்?" என்று கேட்கலாம்.

இப்படிப் போட்ட லிஸ்ட்டிலும் தப்பு வந்தது. நான் அடித்துச் சொல்லிச் சேர்த்த ஒரு பையன் டிரெயினிங் முடிந்த மறுவாரமே வேற கம்பெனிக்குப் போய்விட்டான். ஆனால் அந்தத் தப்பு யாருடையது என்று தெரியும், என்னுடையது. கேட்டால் பதில் சொல்ல ஒரு ஆள் இருக்கிறேன்.

உங்களுக்கு

கடைசியா, கேட்டுக்கிட்டிருக்கிற உங்களுக்குச் சில விஷயம்.

"என் வேலையை ஏஐ எடுத்துக்குமா?"ன்னு கேட்கிறதை விடுங்க. அந்தக் கேள்விக்கு யார்கிட்டயும் நேர்மையான பதில் இல்ல. ஒரு வாரம், நீங்க செய்யறதை எல்லாம் ஒரு நோட்டுல எழுதுங்க. எந்த வேலைக்கு எத்தனை நிமிஷம்னு. அதுல எது பாஸ்வேர்டு கால் மாதிரி, எது சண்டைக் கால் மாதிரின்னு பிரிங்க. முதல் வகையை ஏஐகிட்ட நீங்களே கொடுத்துப் பழகுங்க, அது எங்கே சொதப்புதுன்னும் பாருங்க. ரெண்டாவது வகையில உங்க நேரம் எவ்வளவு போகுதுன்னு பாருங்க. அது கம்மியா இருந்தா, அதைக் கூட்ட வழி தேடுங்க. சீனியர் பக்கத்துல உட்கார்ந்து கேட்கிறேன்னு நீங்களாப் போய்க் கேளுங்க.

உங்க ஆபீஸ்ல "சிஸ்டம் இப்படிச் சொல்லுது"ன்னு ஏதாவது லிஸ்ட் வந்தா, சண்டை போட வேண்டாம். மூணு கேள்வி கேளுங்க. எந்த வருஷத்து டேட்டாவை வெச்சு? என்னைப் பத்தி அதுக்கு எதெல்லாம் தெரியாது? இது தப்புன்னு நான் நினைச்சா யார்கிட்ட பேசணும்? பணிவாக் கேளுங்க, எழுத்துலயும் கேளுங்க. பதில் வரலைன்னாக்கூட, கேள்வி ரெக்கார்டுல இருக்கும்.

உங்கள்ல சில பேர் இன்னும் நாலஞ்சு வருஷத்துல என் மாதிரி சீட்டுக்கு வருவீங்க. லிஸ்ட் போடற இடத்துக்கு. அப்போ இந்தப் பேச்சுல ஒண்ணே ஒண்ணு ஞாபகம் இருந்தாப் போதும்: "நீ பார்த்தியா?"

அந்த அக்கா இப்போ வீட்டுக்குப் பக்கத்தில் ஒரு கிளினிக்கில் ஃப்ரன்ட் டெஸ்க் பார்க்கிறார். போன மாதம் போன் செய்து, இந்த எபிசோடில் உங்களைப் பற்றிப் பேசலாமா என்று கேட்டேன். "தாராளமாப் பேசு, பேரை மட்டும் போடாத" என்றார். கொஞ்ச நேரம் சும்மா இருந்தார். சரியாக மூன்று செகண்ட் இருக்கும். பிறகு, "இப்போ பார்த்துப் போடறியா?" என்று கேட்டார்.

"பார்த்துத்தான்கா போடறேன்"னு சொன்னேன்.

அவ்வளவுதான் மக்களே. உங்க ஆபீஸ்ல இந்த மாதிரி ஏதாவது நடந்திருந்தா, கம்பெனி பேர் போடாம வாய்ஸ் நோட் அனுப்புங்க. அடுத்த எபிசோட்ல சந்திப்போம். பத்திரமாப் போங்க.